மின்மினி பார்க்க வாரீர்

ஒவ்வோர் ஆண்டும் முதலாண்டு விலங்கியல் வகுப்பில் உயிரொளி பற்றிய பாடத்தைத் தொடங்குமுன் ஒரு கேள்வி கேட்பது என் வழக்கம். "மின்மினியைக் கண்ணால் கண்டவர்கள் கை தூக்குங்கள்" என்பேன். நான் ஆசிரியப் பணிக்கு வந்த புதிதில் பாதி வகுப்பு கை தூக்கும். இப்பொழுது ஏழெட்டுக் கைகள் எழுந்தால் அதிகம். அவையும் பெரும்பாலும் ஆனைமலை அடிவாரச் சிற்றூர்களிலிருந்து பேருந்தேறி வரும் மாணவ மாணவியருடைய கைகள். மற்றவர்கள் லூசிபெரின், லூசிபெரேஸ் என்று தூக்கத்தில் கேட்டாலும் ஒப்பிப்பார்கள். தேர்வில் பத்துக்குப் பத்து வாங்குவார்கள். ஆனால் அந்த விளக்கு எரிந்து அணைவதை ஒரு முறையேனும் பார்த்ததில்லை.

சென்ற ஆண்டு ஒரு மாணவி எழுந்து, "அது எப்போ, எங்கே போனா பாக்கலாங்க சார்?" என்று கேட்டார். நியாயமான கேள்வி. பாடநூல் அதைச் சொல்வதில்லை. ஆண்டு மலரில் எழுதினால் விலங்கியல் படிக்காதவர்களுக்கும் பயன்படுமே என்ற எண்ணத்தில் அதற்கு விடையாகவே இக்கட்டுரையை எழுதுகிறேன்.

மின்மினிப் பூச்சி என்று நாம் சொன்னாலும், ஈ, கொசு இனத்தோடு அதற்கு உறவில்லை. அது வண்டினம். பொன்வண்டுக்கும் சாணவண்டுக்கும் தூரத்துச் சொந்தம். முன்சிறகுகள் தடித்து உறையாக மாறி, பறப்பதற்கான மெல்லிய பின்சிறகுகளை மூடிக்கொண்டிருக்கும். லாம்பிரிடே என்னும் இக்குடும்பத்தில் உலகெங்கும் 2000க்கு மேற்பட்ட இனங்கள் உண்டு. வளர்ந்த நிலையில் எல்லா இனங்களும் ஒளி விடுவதில்லை. பகலிலே பறந்து, மணத்தால் துணை தேடும் இனங்களும் இருக்கின்றன. ஆனால் அறியப்பட்ட எல்லா இனங்களின் இளம்புழுக்களும் ஒளிர்கின்றன. சில இனங்களில் முட்டைகூட மங்கலாக ஒளிரும்.

எங்கே பார்க்கலாம் என்ற கேள்விக்கு விடை இந்தப் புழுவிடம்தான் இருக்கிறது. நாம் காணும் சிறகு முளைத்த மின்மினி, தன் வாழ்நாளின் கடைசிச் சில வாரங்களை மட்டுமே வாழ்ந்து கொண்டிருப்பது. அப்பருவத்தில் பல இனங்கள் உணவே உண்பதில்லை. அதற்கு முன்பு ஓராண்டோ, சில இனங்களில் இரண்டாண்டோ, ஈர மண்ணிலும் சருகுக்கடியிலும் புழுவாக ஊர்ந்து திரிந்திருக்கும். அந்தப் புழு சைவமன்று. நத்தை, ஓடில்லா நத்தை, மண்புழு இவற்றை மோப்பம் பிடித்துத் தேடிச் சென்று, தன் வளைந்த தாடையால் கடித்து, நச்சைச் செலுத்திச் செயலிழக்கச் செய்து, கரைத்துக் குடித்துவிடும். தன்னைவிடப் பலமடங்கு பெரிய நத்தையையும் விடாது. இலங்கையில் லாம்ப்ரிஜெரா என்னும் பெரிய மின்மினி இனத்தின் புழுக்கள், பயிரை அழிக்கும் ஆப்பிரிக்கப் பெருநத்தையையே தின்பது பதிவாகியுள்ளது. தென்னந்தோப்பும் வாழைத்தோட்டமும் வைத்திருப்போர் இதைக் கொஞ்சம் மனத்தில் இருத்திக் கொள்ளலாம்.

ஆக, நத்தை வாழும் இடமே மின்மினி வாழும் இடம். மண் காயக் கூடாது. சருகைக் கூட்டி எரிக்கக் கூடாது. பூச்சிக்கொல்லி தெளிக்கக் கூடாது. இரவில் இருட்டு இருக்க வேண்டும். ஓடைக்கரை, ஏரியின் பின்கரை, வாய்க்கால் ஓரப் புதர், கோயில் காடு, வயலும் மரக்கூட்டமும் சந்திக்கும் விளிம்பு ஆகியவை நம் பக்கத்தில் தேட வேண்டிய இடங்கள். அடர்ந்த காட்டின் உள்ளேதான் இருக்கும் என்று எண்ண வேண்டியதில்லை. மரக்கூட்டத்தை ஒட்டிய திறந்த வெளி நமக்கும் வசதி, அதற்கும் வசதி.

பெண் மின்மினியைத் தேடுவோர் தரையைப் பார்க்க வேண்டும். பல இனங்களில் பெண்ணுக்குச் சிறகு கிடையாது, அல்லது பெயரளவில் சிறு துணுக்கு இருக்கும். லாம்ப்ரிஜெராவின் பெண் பார்ப்பதற்குப் பெரிய புழுவைப் போலவே இருக்கும். ஆணைக் காட்டிலும் பன்மடங்கு பெரியது. புல்லடியில் அசையாமல் ஒரு பச்சைப் பொட்டு தொடர்ந்து ஒளிர்ந்தால் அது பெண்ணாகவோ புழுவாகவோ இருக்கலாம். விட்டு விட்டு மின்னிக்கொண்டு காற்றில் மிதப்பது பெரும்பாலும் ஆண்.

இனி, எப்போது?

மின்மினிக்கு நாள்காட்டி மழைதான். புழு கூட்டுப்புழுவாகிச் சிறகு முளைத்து வெளிவருவதற்கு மண் நனைந்தாக வேண்டும். மேற்குத் தொடர்ச்சி மலையில் சித்திரையில் கோடை மழை விழத் தொடங்கியதிலிருந்து தென்மேற்குப் பருவமழை ஓங்கும் வரை, அதாவது ஏறத்தாழ ஏப்ரல் முதல் ஜூன் வரை, சிறந்த பருவம். மழை வலுத்துக் கொட்டத் தொடங்கிவிட்டால் காட்சி ஓய்ந்துவிடும். சமவெளியிலோ வடகிழக்குப் பருவமழையே கணக்கு. ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் இரண்டு மூன்று நல்ல மழை பெய்து, ஒரு நாள் வெறித்து, காற்றில்லாமல் புழுக்கமாக இருக்கும் மாலையைத் தேர்ந்து கொள்ளுங்கள். பொள்ளாச்சி வட்டாரத்துக்குப் பாலக்காட்டுக் கணவாய் வழியாகத் தென்மேற்கு மழையும் கிடைப்பதால், நமக்கு ஆண்டில் இரண்டு வாய்ப்புகள். இது இங்கே படிப்பவர்களுக்குக் கிடைத்த சலுகை என்றே சொல்வேன்.

அகநானூற்றின் 72ஆம் பாடலில் மின்மினி வருகிறது. மழை பெய்யும் நள்ளிரவு. மின்மினிகள் சூழ்ந்த ஒரு புற்று. அதை உடைத்துத் தின்ன வந்த கரடி. பொறி பறக்க, கரடி கொல்லனைப் போலத் தோன்றுகிறது என்று புலவர் காட்டுகிறார். தமிழ்த்துறை நண்பர்கள் உவமையைப் பாராட்டட்டும். எனக்கு வியப்பாக இருப்பது வேறு. மழைக்காலம், இரவு, ஈரமண் என்று மூன்றும் பிழையின்றி அமைந்திருக்கின்றன. கண்டு எழுதியவர்க்கே இது வரும்.

நிலவுக்கும் இதில் பங்குண்டு. பௌர்ணமி வெளிச்சத்தில் மின்மினியின் சிறுவிளக்கு எடுபடாது. அவற்றின் நடமாட்டமும் குறைந்திருக்கும். அமாவாசைக்கு முன்னும் பின்னும் உள்ள நாட்கள் உத்தமம். ஒன்று சொல்லிவிடுகிறேன்: ஐப்பசி அமாவாசையை நம்பிப் போகாதீர்கள். அது தீபாவளியை ஒட்டி வரும். வெடியும் புகையுமாக இருக்கும் இரவில் மனிதருக்கே மூச்சு முட்டுகிறது. நேரத்தைப் பொறுத்தவரை, கதிரவன் மறைந்து செவ்வானமும் மங்கிய பிறகு முதல் இரண்டு மணி நேரம் போதும். ஒவ்வோர் இனத்துக்கும் தனித்தனி நேரமுண்டு. சில இனங்கள் அந்திக் கருக்கலிலேயே தொடங்கி விரைவில் ஓய்ந்துவிடும்.

இந்த ஒளி எப்படி வருகிறது என்பதைச் சொல்லாமல் போனால் என் துறையார் என்னை மன்னிக்க மாட்டார்கள். வயிற்றின் கடைசி ஓரிரு கண்டங்களில் ஒளியுறுப்பு இருக்கிறது. அங்குள்ள லூசிபெரின் என்னும் பொருள், லூசிபெரேஸ் என்னும் நொதியின் துணையோடு ஆக்சிஜனுடன் சேர்கையில் ஒளி பிறக்கிறது. இப்பெயர்களை 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் ரபேல் துபுவா என்ற பிரெஞ்சு அறிஞர் வழங்கினார். ஆனால் இவ்விரண்டை மட்டும் சேர்த்தால் விளக்கு சிறிது நேரத்தில் அணைந்துவிடும். எண்ணெய் எது? நம் தசை அசைவதற்குப் பயன்படும் அதே ஏ.டி.பி. தான் என்று 1947இல் அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த வில்லியம் மெக்கல்ராய் கண்டறிந்தார். ஆராய்ச்சிக்கு வேண்டிய மின்மினிகளுக்காக, நூற்றுக்கு 25 சென்ட் வீதம் ஊர்ப் பிள்ளைகளுக்குக் காசு கொடுத்து அவர் பிடித்து வரச் சொன்னது விஞ்ஞான வரலாற்றின் சுவையான செய்தி. பின்னர் அந்நாட்டில் வணிக நிறுவனங்களும் இவ்வாறு கோடிக்கணக்கில் பிடித்தன. அது சுவையான செய்தியன்று. ஏ.டி.பி. உள்ள இடத்தில் உயிரணு உண்டு என்பதால், உணவும் பாலும் கையாளும் இடங்களில் கிருமி இருக்கிறதா என்று சோதிக்க இந்நொதி இன்றும் பயன்படுகிறது. 1985இல் லூசிபெரேஸின் மரபணுவைப் பிரித்தெடுத்து விட்டார்கள். மறு ஆண்டே அதைப் புகையிலைச் செடியில் புகுத்தி ஒளிரச் செய்தார்கள். எனவே இன்று பூச்சியைக் கொல்லாமலே ஆய்வுக்கூடத்தில் நொதியைப் பெறலாம்.

மின்மினி விளக்கு நூற்றுக்கு நூறு திறனுள்ளது என்று பழைய நூல்கள் எழுதும். நம் மாணவர்களும் விடைத்தாளில் அப்படியே எழுதுகிறார்கள். 1960இல் செய்த கணக்கீட்டின்படி, வினைபுரியும் 100 லூசிபெரின் மூலக்கூறுகளில் 88 ஒளித்துகளை வெளியிடுவதாகக் கருதப்பட்டது. 2008இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் மீண்டும் அளந்து, அது 41 அளவில்தான் என்று காட்டினர். இருந்தாலென்ன? பழைய குண்டு பல்பு தான் உண்ணும் மின்சாரத்தில் நூற்றுக்கு ஐந்து பங்கு அளவே ஒளியாக்கி, மிச்சத்தை வெப்பமாக வீணாக்கியது. மின்மினியைக் கையில் ஏந்திப் பாருங்கள்; சூடே தெரியாது.

விளக்கை அது எப்படி ஏற்றி அணைக்கிறது? பூச்சிக்கு நுரையீரல் இல்லை; நுண்குழாய்கள் வழியே காற்று உடலுக்குள் செல்கிறது. நரம்பின் கட்டளை வந்ததும் ஒளியுறுப்பில் நைட்ரிக் ஆக்சைடு சுரந்து, ஆக்சிஜன் ஒளிரும் பகுதிக்குள் பாய வழிசெய்கிறது என்று 2001இல் வெளியான ஆய்வு கூறுகிறது. ஆக்சிஜன் வந்தால் விளக்கு எரியும், நின்றால் அணையும். அடுப்பை ஊதாங்குழலால் ஊதும் கதைதான்.

நம் ஊர்ப் பக்கம் இன்னொரு விளக்குக் கதை உண்டு. தூக்கணாங்குருவி தன் கூட்டுக்குள் களிமண் உருண்டையை ஒட்டி, அதில் மின்மினியைப் பதித்து, இரவில் விளக்காக வைத்துக்கொள்ளும் என்று என் அம்மிச்சி சொல்லுவார். கூட்டில் களிமண் ஒட்டியிருப்பது உண்மை. நானே பிரித்துப் பார்த்திருக்கிறேன். மின்மினியைக் கண்டதில்லை. காற்றில் கூடு ஆடாதிருக்க அது எடைக்கல் என்பது ஒரு விளக்கம். ஆயினும் அந்தக் கதையைச் சொல்வதற்காவது அன்றைய பாட்டிமார் மின்மினியைத் தெரிந்து வைத்திருந்தார்கள் என்பதைக் குறித்துக் கொள்ள வேண்டும்.

இவ்வளவு பாடுபட்டு ஒளி விடுவது எதற்காக? புழுவுக்கு அது எச்சரிக்கைப் பலகை. "நான் கசப்பு, தின்னாதே" என்று பகைக்குச் சொல்வது. வளர்ந்த மின்மினிக்கோ அது மணத் தூது. ஆண் ஒரு குறிப்பிட்ட தாளத்தில் மின்னிக்கொண்டு பறக்கும். புல்லிலோ செடியிலோ அமர்ந்திருக்கும் பெண், தன் இனத்தின் தாளத்தை மட்டும் அறிந்து, குறிப்பிட்ட இடைவெளி விட்டுப் பதில் மின்னும். கேள்வியும் பதிலுமாக இருவரும் நெருங்குவார்கள். இந்தப் பேச்சு முழுவதும் ஒளியாலானது. ஆகவே நடுவில் வரும் எந்த வெளிச்சமும், அது நம் கைவிளக்கானாலும் தெருவிளக்கானாலும், இருவர் பேசிக்கொண்டிருக்கையில் ஒலிபெருக்கி வைத்ததற்குச் சமம்.

சில இனங்களில் ஆயிரக்கணக்கான ஆண்கள் ஒரே நொடியில் மின்னி, ஒரே நொடியில் அணையும். 1690இல் சயாம் நாட்டுக்குச் சென்ற கெம்பெர் என்னும் ஜெர்மானிய மருத்துவர், ஆற்றங்கரை மரங்களில் இக்காட்சியைக் கண்டு எழுதி வைத்தார். மேனாட்டு அறிஞர் பலர் நம்பவில்லை. 1917இல் ஒருவர், பார்ப்பவரின் இமை துடிப்பதால் ஏற்படும் மாயை இது என்றே அறிவியல் இதழில் எழுதிவிட்டார். இமை மேல் பழி போட்டுத் தப்பிக்கப் பார்த்தது எனக்கு இன்றும் சிரிப்பூட்டும். 1960களின் நடுவில் ஜான் பக், எலிசபெத் பக் என்னும் அறிவியல் தம்பதியர் தாய்லாந்துக்குச் சென்று, மின்மினிகளைப் பிடித்து வந்து பாங்காக் நகர விடுதியறையில் விட்டுப் பார்த்தனர். முதலில் தாறுமாறாக மின்னியவை, சுவரிலும் திரையிலும் அமர்ந்ததும் இரண்டிரண்டாக, மும்மூன்றாகத் தாளம் சேர்ந்தன. ஒவ்வொன்றும் பக்கத்து விளக்கைப் பார்த்துத் தன் தாளத்தைத் திருத்திக் கொள்கிறது, நடத்துநர் எவருமில்லை. நம் கிராமத்து ஒயிலாட்டத்தில் கால்கள் சேர்வதைப் பார்த்தவர்களுக்கு இது எளிதில் விளங்கும்.

அமெரிக்காவில் ஸ்மோக்கி மலையின் எல்க்மான்ட் பகுதியிலும் இவ்வினம் போன்ற ஒன்று உண்டு. அங்கே விடுமுறைக்கு வந்து தங்கிய லின் பாஸ்ட் என்ற பெண்மணியின் குடும்பம் சிறுவயது முதலே அதைப் பார்த்து வந்திருக்கிறது. அமெரிக்காவில் அப்படி எதுவும் இல்லை என்று அறிவியலார் எழுதியதைப் படித்துவிட்டு அவர் கடிதம் எழுதினார். 1990களில் வந்து பார்த்தவர்கள் ஒப்புக் கொண்டனர். இப்பொழுது மே இறுதியிலும் ஜூன் தொடக்கத்திலும் அங்கே கூட்டம் தாங்காமல், குலுக்கல் முறையில் அனுமதி வழங்குகிறார்கள்.

மலேசியாவின் கோலாசிலாங்கூர் ஆற்றுக்கு ஆண்டு முழுவதும் செல்லலாம். கம்போங் குவாந்தானில் துடுப்புப் படகில் ஏற்றிக்கொண்டு போவார்கள். ஆற்றோரமுள்ள பெரெம்பாங் மரங்களில் மின்மினிகள் அமர்ந்து, மரம் முழுவதும் சேர்ந்து மின்னும். அவ்வட்டாரத் தோட்டங்களில் தலைமுறை தலைமுறையாக உழைத்த தமிழர்கள் பலர். அங்கே உறவினர் உள்ளவர்கள் கேட்டுப் பாருங்கள். மரம் மேலிருந்தாலும் புழு ஆற்றோரச் சேற்றில் நத்தை தின்று வளர்வதே. கரையை வெட்டிச் செம்பனை நட்ட இடங்களில் மின்மினி குறைந்ததற்குக் காரணம் இதுதான்.

மராட்டியத்தில் பண்டார்தரா, புருஷ்வாடி, ராஜ்மாச்சி ஆகிய மலைக் கிராமங்களுக்கு மே நடுவிலிருந்து ஜூன் வரை மும்பை, புனே நகரத்தார் மின்மினி பார்க்கப் படையெடுக்கிறார்கள். ஊராருக்கு வருமானம் உண்டு, மறுப்பதற்கில்லை. ஆனால் காரின் முகப்பு விளக்கு வரிசையாக எரியும் காட்டில் எதைப் பார்க்கப் போகிறார்கள் என்பது எனக்கு விளங்கவில்லை.

இவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை. நம் ஆனைமலையிலேயே சேர்ந்து மின்னும் மின்மினிகள் இருக்கின்றன. 2022 ஏப்ரலில் ஆனைமலைப் புலிகள் காப்பகத்தின் உலாந்தி வனச்சரகப் பகுதியில் மரங்கள் கொள்ளாமல் அவை மின்னியதை வனத்துறையினர் ஆராய்ந்து பதிவு செய்தனர். இங்கே ஸ்ரீராம் முரளி என்னும் ஒளிப்படக் கலைஞர் எடுத்த படம், 2023இல் இலண்டன் இயற்கை வரலாற்று அருங்காட்சியகம் நடத்தும் உலகப் போட்டியில், முதுகெலும்பற்ற உயிரினங்களுக்கான பிரிவில் பரிசு பெற்றது. தலா 19 நொடி வீதம் எடுத்த 50 படங்களை ஒன்றாக்கியது அது. 16 நிமிட ஒளி ஒரே தாளில். கண்ணால் பார்க்கையில் காடு அப்படி ஒரேயடியாய்ப் பொன்னாய் எரியாது. ஓரிடத்தில் பற்றி, மரத்துக்கு மரம் அலையாக ஓடி, அணைந்து, மீண்டும் தொடங்கும். படத்தை எதிர்பார்த்துப் போய் ஏமாற வேண்டாம் என்பதற்காகச் சொல்கிறேன். எனக்குப் படத்தைவிட அலையே பிடிக்கும்.

ஆனால் புலிகள் காப்பகத்துக்குள் இரவில் நாமாக நுழைய முடியாது, நுழையவும் கூடாது. யானைக்கு அஞ்சிச் சொல்வது பாதி; சட்டம் மீதி. டாப்சிலிப்பில் வனத்துறையின் தங்கும் விடுதிகளில் முன்பதிவு செய்து தங்கினால், விடுதி வளாகத்திலிருந்து காணக்கூடியதைக் காணலாம். அதற்கு மேல் காட்டுக்குள் நடக்க ஆசைப்படாதீர்கள்.

போகிறவர்கள் செய்ய வேண்டியவை சில. இருட்டுமுன்பே இடத்தைப் பார்த்து வைத்து, அங்கே போய் அமர்ந்துவிடுங்கள். கண் இருட்டுக்குப் பழக இருபது முப்பது நிமிடம் ஆகும். ஒரு முறை கைப்பேசியைத் திறந்தால் அவ்வளவும் வீண், மறுபடியும் முதலிலிருந்து. கைவிளக்கு வேண்டும், பாம்பு நடமாடும் பருவம் அது. ஆனால் கண்ணாடி மீது சிவப்புக் கண்ணாடித்தாளை இரண்டு மடிப்பாகக் கட்டிக் கொள்ளுங்கள். சிவப்பு ஒளி நம் கண்ணையும் கெடுக்காது, மின்மினியையும் அவ்வளவாகக் கலைக்காது. விளக்கைத் தரையை நோக்கியே பிடியுங்கள். முழங்கால் வரை மூடிய காலணி அணியுங்கள். தடத்தை விட்டு இறங்காதீர்கள். பெண்ணும் புழுவும் புல்லடியில் இருப்பதை முன்பே சொன்னேன். கொசு விரட்டும் எண்ணெயை வீட்டிலேயே பூசிக்கொண்டு வாருங்கள், அங்கே வந்து தெளிக்க வேண்டாம். முழுக்கைச் சட்டை அதனினும் நல்லது. பிடித்துக் குப்பியில் அடைப்பதற்கு என் அனுமதி கிடையாது. நெற்றியில் பொட்டாக ஒட்டிக்கொள்வது சிறு வயதில் நாங்களும் செய்ததுதான். அப்போது அவை எண்ணற்று இருந்தன.

இனிச் சொல்லப் போவது எங்கள் ஊர் ஓடைக்கரை. கல்லூரியிலிருந்து மிதிவண்டி தூரம். ஓடையின் ஒரு பக்கம் தென்னந்தோப்பு, மறுபக்கம் புங்கமும் நொச்சியுமாக ஒரு புதர்க்காடு. 2016 முதல் ஆண்டுதோறும் கார்த்திகையில் மாணவர்களை அங்கே அழைத்துச் சென்று, ஒரே இடத்தில் நின்று, பத்து நிமிடத்தில் கண்ணில் படும் மின்மினிகளை எண்ணி ஏட்டில் எழுதி வருகிறோம். முதல் மூன்றாண்டு எண்ணிக்கை நூற்றுக்குக் கீழே இறங்கவில்லை. 2019இல் ஓடைப் பாதையில் உயர்ந்த கம்பம் நட்டு எல்.இ.டி. விளக்குப் பொருத்தினார்கள். அந்தக் கார்த்திகையில் 31. அடுத்த ஆண்டு 9. 2021இல் 4.

விளக்கு வந்ததற்குக் காரணம் உண்டு. வேலை முடிந்து அவ்வழியே திரும்பிய ஓர் அம்மாளைக் கட்டுவிரியன் தீண்டியது, பிழைத்தது பெரும்பாடு. அதன் பிறகு விளக்கு கேட்டு மனுக்கொடுத்தவர்களில் என் வீட்டாரும் அடக்கம். ஆகவே விளக்கை எடுத்துவிடுங்கள் என்று நான் கேட்கவில்லை. தோப்புக்காரப் பெரியவரிடமும் ஊராட்சியிலும் ஏட்டைக் காட்டிப் பேசினேன். "ஏனுங் வாத்தியாரே, பூச்சிக்காவ ஊரை இருட்டுல உடச் சொல்றீங்களா?" என்றார் பெரியவர். "இல்லீங்க, விளக்கு பாதைக்குத்தானே வேணும்? புதருக்கும் வானத்துக்கும் எதுக்குங்க?" என்றேன். அவர் நிமிர்ந்து கம்பத்தைப் பார்த்தார். உண்மையில் அந்த விளக்கின் பாதி ஒளி புதர் மேலும் தோப்பின் தலைமேலும் வீணாக விழுந்து கொண்டிருந்தது. பாதையின் வளைவிலோ கம்பத்தின் நிழல் விழுந்து இருட்டாக இருந்தது. பாம்பு தீண்டிய இடமும் அந்த வளைவுதான்.

2022இல் ஊராட்சியினர் உயர் கம்பத்து விளக்கைக் கழற்றி, இடுப்புயரக் கம்பங்கள் நான்கில் மஞ்சள் நிறச் சிறு விளக்குகளை வைத்தார்கள். வெள்ளை ஒளியில் நீலம் மிகுதி. பூச்சிகளைக் கலைப்பதில் அதற்கே முதலிடம் என்பதால் மஞ்சளைக் கேட்டோம். மேலே ஒளி போகாதபடி மூடி வேண்டும். அதற்கு எங்கள் இயற்பியல் துறை மாணவர்கள் பெயின்ட் டப்பாவை அரைவட்டமாக வெட்டி, உட்புறம் கறுப்படித்துக் கொடுத்தார்கள். செலவு அதிகமில்லை, பெயின்ட் டப்பா விடுதி வெள்ளையடிப்பில் மிஞ்சியது. தோப்புக்காரப் பெரியவர் ஓடையை ஒட்டிய இரண்டு வரிசைத் தென்னைக்கு மருந்தடிப்பதை நிறுத்தியிருக்கிறார், சருகையும் கொளுத்துவதில்லை. வளைவில் இப்போது வெளிச்சம் இருக்கிறது. அதற்குப் பின் அங்கே யாரையும் பாம்பு தீண்டவில்லை.

புழுப்பருவமே ஓராண்டுக்கு மேல் என்பதால் உடனே பலன் தெரியாது என்று மாணவர்களிடம் சொல்லியிருந்தேன். 2022இல் 5. 2023இல் 12. 2024 கார்த்திகையில் எண்ணியபோது 27. இன்னும் பழைய கணக்குக்கு வெகுதூரம். ஒரு மழை பொய்த்தால் மீண்டும் இறங்கலாம். ஏட்டில் எழுதிக்கொண்டே வருவோம்.

இவ்வாண்டும் கார்த்திகை அமாவாசையை ஒட்டிய வெள்ளிக்கிழமை மாலை ஐந்தரை மணிக்கு விலங்கியல் துறை முன்பிருந்து புறப்படுகிறோம். எத்துறை மாணவரும் வரலாம். இருபது பேருக்கு மேல் வேண்டாம். முந்திப் பெயர் கொடுப்பவர்க்கு முதலிடம். மாணவியர் வீட்டில் சொல்லிவிட்டு வர வேண்டும்; எட்டரை மணிக்குள் பேருந்து நிலையத்தில் கொண்டுவந்து விட்டுவிடுவோம். மூடிய காலணி, முழுக்கைச் சட்டை, ஒரு சிறு கைவிளக்கு. சிவப்புத்தாள் துறையில் இருக்கிறது. மழை கொட்டினால் அடுத்த நாள்.